கையெழுத்துப் போட வேண்டாம்

பெர்லின் இறையியல் மாணவர்கள் கேட்டது ஒரே கேள்விதான். குருப்பட்ட உறுதிமொழியிலிருந்தும் ஆராதனையிலிருந்தும் கிறிஸ்தவ நம்பிக்கையின் சுருக்க அறிக்கையான அப்போஸ்தலர் விசுவாசப் பிரமாணத்தை எடுத்துவிடச் சொல்லி, பிரஷ்யத் திருச்சபையின் உயர்மன்றத்துக்கு மனுக் கொடுக்கலாமா, கூடாதா? அவர்களுடைய பேராசிரியர், சபை வரலாற்றாசிரியர் அடோல்ஃப் ஹார்னாக் எண் போட்டுப் பதில் எழுதினார். 1892 ஆகஸ்டில், ‘கிறிஸ்தவ உலகம்’ என்று பொருள்படும் பெயர் கொண்ட ஜெர்மன் இதழில் அது அச்சானது.

சுருக்கினால் இவ்வளவு: இதைவிடச் சின்னதாக, தெளிவாக வேறோர் அறிக்கை இருந்தால் நல்லதுதான். பிரமாணத்தை வார்த்தைக்கு வார்த்தை ஏற்பது கிறிஸ்தவ முதிர்ச்சிக்கு அளவுகோல் ஆகாது. சுவிசேஷத்தையும் சபை வரலாற்றையும் படித்துத் தேறியவனுக்கு அதில் சில வரிகள் இடறத்தான் செய்யும். ஆனாலும் அதன் அருமையை உணரும் அளவுக்கு அவனுக்கு வரலாற்றறிவும் வேண்டும். ஆகவே மாணவர்கள் மனுவில் இறங்க வேண்டாம்.

அந்த ‘ஆகவே’தான் உறுத்துகிறது. (சொல் என்னுடையது; அவர் இன்னும் நாகரிகமாகச் சொன்னார்.) ஹார்னாக் எழுதி அச்சானவை ஆயிரத்து அறுநூறுக்கும் மேல். அவற்றில் இந்தச் சில பக்கங்களிடம்தான் திரும்பத் திரும்ப வந்து நிற்க வேண்டியிருக்கிறது. ஆதிச் சபையின் உபதேச வரலாற்றைப் பாடமாக நடத்துகிறவர்கள் எல்லோரும் இதையேதான் வேறு வார்த்தைகளில் சொல்கிறோம். முதலில் படியுங்கள், மற்றதைப் பிறகு பார்க்கலாம் என்கிறோம். அது பொறுப்பா, நழுவலா?

பொறுப்பு என்று வாதாட நிறையவே இருக்கிறது. பிரமாணத்தின் பூர்வீகத்தைத் தேடுவது லேசான வேலை அல்ல. ஞானஸ்நானத்துக்கு ஆயத்தமாகிறவர்களுக்குப் பேராயர் அதை வாயால் சொல்லித் தருவார். அவர்கள் மனப்பாடம் செய்து திரும்ப ஒப்பிக்க வேண்டும். எழுதி வைக்காதீர்கள், இருதயத்தில் எழுதிக்கொள்ளுங்கள் என்று அகஸ்டின் பிரசங்கத்திலேயே சொல்கிறார். அதனால் இன்றைய பிரமாணத்துக்கு அடிப்படையான பழைய ரோமாபுரி வாசகம் ஏடாகக் கைக்கு வருவதில்லை. பிறர் எழுதியதிலிருந்து பிரித்தெடுக்க வேண்டும்.

முக்கியமாக இரண்டு இடங்கள். ஒன்று, அன்சிரா நகரப் பேராயர் மார்செல்லஸ் 340 வாக்கில் ரோமப் பேராயர் யூலியஸுக்கு எழுதிய கிரேக்கக் கடிதம்; அதுவும் தனியாக இல்லை, பின்னர் வந்த பேராயர் எபிபேனியஸின் நூலுக்குள் இருக்கிறது. மற்றது, 404 வாக்கில் ரூஃபினஸ் லத்தீனில் எழுதிய விளக்கவுரை. அவர் விளக்குவது வட இத்தாலியிலுள்ள தம்முடைய அக்விலேயா சபையின் பிரமாணத்தை. ரோமோடு எங்கெங்கே வேறுபடுகிறது என்பதை ஆங்காங்கே குறித்துக்கொண்டு போகிறார். ரோமில் சபையார் முன்னிலையில் ஒப்பிக்க வேண்டும், ஒரு சொல் கூடினாலும் கேட்கிறவர்கள் விடமாட்டார்கள், அதனால்தான் அங்கே வாசகம் மாறவில்லை என்று காரணமும் சொல்கிறார்.

இரண்டையும் ஒரு தாளில் எதிரெதிரே எழுதிப் பாருங்கள், சிக்கல் முதல் வரியிலேயே தொடங்கிவிடும். மார்செல்லஸிடம் ‘பிதா’ என்ற சொல் இல்லை. கடைசியில் ‘நித்திய ஜீவன்’ இருக்கிறது. ரூஃபினஸ் காட்டும் ரோம வாசகத்தில் அது கிடையாது. ‘பிதா’ விழுந்தது நகலெடுத்தவரின் கைப்பிழையா, மார்செல்லஸே விட்டதா? கடிதம் ஒரே நூலின் வழியாக மட்டும் வந்திருக்கையில் அடித்துச் சொல்ல முடியாது. புதிதாக வருகிறவர்கள் வழுக்குவது இன்னோர் இடத்தில். ரூஃபினஸ் விளக்கும் வரிகளையெல்லாம் ரோமின் கணக்கில் எழுதிவிடுவார்கள். ‘பாதாளத்தில் இறங்கினார்’ என்பதும் அதில் போய்விடும். அது ரோமில் இல்லை என்று ரூஃபினஸ் வெளிப்படையாகவே எழுதியிருக்கிறார். பிதாவுக்குச் சேர்த்திருக்கும் ‘காணப்படாதவர், பாடுகளுக்கு உட்படாதவர்’ என்ற அடைமொழிகளும், ‘இந்தச் சரீரத்தின் உயிர்த்தெழுதல்’ என்பதில் வரும் ‘இந்த’வும் அக்விலேயாவுக்கே உரியவை.

இன்று நம் கோவில்களிலும் சொல்கிற முழு வடிவம் தென்படுவது எட்டாம் நூற்றாண்டில், பிர்மின் என்ற துறவி எழுதிய கையேட்டில். ‘வானத்தையும் பூமியையும் படைத்த’ என்பதும் ‘பரிசுத்தவான்களுடைய ஐக்கியமும்’ என்பதும் பழைய ரோம வாசகத்துக்கு மேல் ஏறியவை. பன்னிரண்டு அப்போஸ்தலரும் திசைக்கொருவராகப் பிரியுமுன் கூடி உட்கார்ந்து இதை அமைத்தார்கள் என்ற கதை ரூஃபினஸ் காலத்திலேயே வழக்கில் இருந்தது. 1438இல், கிழக்கு மேற்குச் சபைகளை இணைக்கக் கூடிய ஃபெராரா சங்கத்தில், இப்படியொரு அப்போஸ்தலர் பிரமாணம் எங்களிடம் இல்லை, பார்த்ததும் இல்லை என்று கிரேக்கர்கள் கைவிரித்துவிட்டார்கள்.

இவ்வளவையும் ஒருமுறை தன் கையால் செய்து பார்த்தவன் ‘தூக்கி எறி’ என்று சட்டென்று சொல்ல மாட்டான். ‘அப்போஸ்தலர் எழுதியது, தொடாதே’ என்றும் சொல்ல மாட்டான். ஹார்னாக் காத்திருக்கச் சொன்னது இந்தப் பக்குவத்துக்காகத்தான். அப்படித்தான் அவருக்காகப் பேச வேண்டியிருக்கிறது, பல வருடங்களாகப் பேசியும் ஆகிறது.

ஆனால் ஹார்னாக்கின் பதிலைச் சுற்றி மூண்ட சண்டையில் எல்லோருடைய விரலும் நின்ற வரி எது? ‘பரிசுத்த ஆவியினால் கன்னிமரியாளிடத்தில் உற்பவித்துப் பிறந்தார்.’ பலரால் ஏற்க முடியாதது என்று ஹார்னாக்கே எடுத்துச் சொன்ன வரி. அது பிந்தி வந்ததல்ல. மார்செல்லஸிடம் இருக்கிறது, ரூஃபினஸிடமும் இருக்கிறது. பிற்பாடு நுழைந்தது ‘உற்பவித்து’ மட்டும். உண்மையிலேயே பிந்தி வந்த ‘பாதாளத்தில் இறங்கினா’ருக்காக அந்தச் சண்டையில் யாருக்கும் வேலை போகவில்லை. ஆக, அடுக்கடுக்காகப் பிரித்துக் காட்டும் எங்கள் கைத்தொழில் அந்த மாணவர்களின் கேள்வியைத் தொடவே இல்லை. போய்ப் படித்துவிட்டு வா என்று அனுப்பினால், திரும்பி வருகிறவன் கையில் அதே வரி இன்னும் பழசாகி இருக்கும். ஆதிப் பிரசங்கத்தில் அந்தச் செய்தி இல்லை என்பது ஹார்னாக்கின் வாதம். அது புதிய ஏற்பாட்டை வைத்துச் செய்ய வேண்டிய வழக்கு, பிரமாணத்தை வைத்து அல்ல.

மாணவர்களை உலுக்கியவர் வூர்ட்டம்பெர்க் நாட்டுப் போதகர் கிறிஸ்டோஃப் ஷ்ரெம்ப்ஃப். 1891இல் ஒரு குழந்தைக்கு ஞானஸ்நானம் கொடுக்கையில் பிரமாணத்தைச் சொல்லாமல் விட்டார்; விட்டதைத் தாமே மேலிடத்துக்கு எழுதித் தெரிவித்தார். 1892இல் பதவி போயிற்று. ஹார்னாக்கின் பதவிக்கு ஒன்றும் ஆகவில்லை. அவர் அரசின் பேராசிரியர். 1888இல் அவரைப் பெர்லினுக்கு அழைத்தபோதே உயர்மன்றம் எதிர்த்தது; தலைமை அமைச்சர் பிஸ்மார்க் அவர் பக்கம் நின்றார், பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் கையெழுத்திட்டார். குருப்பட்டத்துக்கு வருகிறவர்களைத் தேர்வு செய்யும் உரிமையைத் திருச்சபை அவருக்குக் கொடுக்கவில்லை, அவ்வளவுதான். 1892இல் எதிர்ப்பு கிளம்பியபோது அரசு செய்ததெல்லாம், மறுவருடம் பழமைப் பிடிப்புள்ள இறையியலாளர் அடோல்ஃப் ஷ்லாட்டரை எதிரெடையாகப் பெர்லினுக்குக் கொண்டுவந்ததுதான். அதே தகராறில் ஊர்ப் போதகருக்கு இருந்த பதவி போனது. பல்கலைக்கழகத்தில் புதிதாக ஒரு பதவி வந்தது.

ஹார்னாக் எந்த விலையும் கொடுக்கவில்லை என்பதும் அநியாயம். அவர் எழுதிய ‘உபதேச வரலாறு’ நூலின் முதல் தொகுதி வந்ததும், 1886 ஜனவரியில், டோர்பாட் நகரிலிருந்து அப்பா தியோடோசியஸ் ஹார்னாக் எழுதினார். அவரும் லூத்தரன் இறையியலாளர். உயிர்த்தெழுதலை இப்படி அணுகுகிறவன் தம் பார்வையில் கிறிஸ்தவ இறையியலாளனே அல்ல என்று முப்பத்து நான்கு வயது மகனுக்கு எழுதினார். அப்படியொரு கடிதத்தை வாங்கியவர், அதே மாதிரிக் கடிதம் தம் மாணவர்களுக்கும் வரவேண்டாம் என்று நினைத்திருக்கலாம். இது என் ஊகம். ஊகம் என்பதைவிட, எனக்குத் தேவைப்படுகிற ஓர் ஆறுதல்.

1911 அந்த ஆறுதலையும் கெடுக்கிறது. கொலோன் நகரப் போதகர் கார்ல் யாத்தோவை, போதகர்களின் உபதேசப் பிறழ்வை விசாரிக்க முந்திய வருடம் வந்த சட்டத்தின் கீழ் அமைந்த தீர்ப்பு மன்றம் பதவியிலிருந்து இறக்கியது. பழைய விசாரணை முறைக்கு இந்தச் சட்டம் எவ்வளவோ மேல் என்று ஹார்னாக் கருதியிருந்தார்; யாத்தோவின் இறையியலும் அவருக்கு ஒப்பவில்லை. அந்த வருடம் அவர் அரச நூலகத்தின் தலைமை இயக்குநர், அறிவியல் ஆய்வுக்காக அப்போதுதான் தொடங்கிய கைசர் வில்ஹெல்ம் சங்கத்தின் முதல் தலைவர். 1892இல் கையெழுத்துப் போடாமல் இருந்து, பிறகு போதகரானவர்கள் நாற்பது வயதை எட்டியிருப்பார்கள். பிரமாணம் ஆராதனையில் அப்படியேதான் இருந்தது. ஞானஸ்நானத் தொட்டியருகே நின்று அந்த வரியைச் சொல்ல வேண்டியவர்கள் இப்போது அவர்கள்தான்.