கண்ணகிக்கு ரெண்டு பாஷை, எனக்கு ஒரு தொண்டை

எனக்கு அஞ்சு கட்டை, பாடுற சுருதியைச் சொல்லுறன். எங்கட நாடகக் குறூப்பில கோவலனா வாற அண்ணாக்கு ஒரு கட்டை, அதுக்கு மேல ஏறாது. பன்னிரண்டு வருசமா இந்த வேலையில என்ர முதல் பிரச்சினை இதுதான், பாஷை எல்லாம் அதுக்குப் பிறகு, ஆனா ஆர் என்னோட கதைக்க வந்தாலும் "ஒரே நாடகத்தில தமிழிலயும் சிங்களத்திலயும் எப்பிடிப் பாடுறீங்கள்" எண்டுதான் கேப்பினம், சுருதியைப் பற்றி ஒருத்தரும் வாய் திறக்கிறேல்ல.

கூத்தில தர்க்கப் பாட்டு எண்டு ஒண்டு இருக்கு, ஆணும் பெண்ணும் மாறி மாறி வாதாடுறது. முந்திப் பெண் வேஷமும் ஆம்பிளைதான் கட்டினது எண்டதால எல்லாருக்கும் ஒரே சுருதி, பிரச்சினையே இல்ல. எங்கட அம்மப்பா முல்லைத்தீவுப் பக்கம் முள்ளியவளையில கோவலன் கூத்தில மாதவி வேஷம் கட்டினவர், கூத்து மாசம் வந்தா மீசையை எடுத்துப்போட்டுத் திரிவாராம், அம்மம்மாக்கு அது பெரிய வெக்கம், ஆனா அண்டைக்கு ராத்திரி களரிக்கு முதல் ஆளாப் பாயோட போய்க் குந்தினதும் அவதானாம். இப்ப பொம்பிளை வேஷத்துக்குப் பொம்பிளையே வந்திட்டம், நல்ல விசயம், ஆனா பாட்டுக்கட்டு அந்தக் காலத்து ஆம்பிளைக் குரலுக்குப் பழகினது. அவற்ற ஒண்டில நான் பாடினா கீழ் ஸ்தாயியில சத்தமே எடுபடாது, என்ர அஞ்சுக்கு அவரை இழுத்தா அவருக்கு நரம்பு புடைக்கும். கடைசியில ஆர்மோனியக்கார ஐயா கண்டுபிடிச்ச வழி என்னெண்டா, சுருதி ஒண்டிலயே நிக்கும், என்ர முறை வரேக்க அவற்ற மத்திமத்தை ('ம') நான் சட்சமாப் ('ச') பிடிப்பன், அதாவது நாலு கட்டையில பாடுறன், எனக்கு ஒரு கட்டை இறக்கம்தான், சமாளிக்கலாம். அந்த மாற்றத்தைச் சனம் கவனிக்காமப் பாடப் பழக எனக்கு ஒரு வருசம் போச்சு. சிங்களம் பழக எடுத்ததும் கிட்டத்தட்ட அவ்வளவுதான்.

சிங்களம் நான் விரும்பிப் பழகத் தொடங்கினது இல்ல. 2009 ல எனக்குப் பதினாறு வயசு, செட்டிகுளத்தில இடம்பெயர்ந்த சனத்தை வச்ச மெனிக் பாம் முகாம், அங்க முதல் பிடிபட்ட சொல்லு ரெண்டு, வதுர, போலிம. தண்ணி, கியூ. அதுக்கு மேல அந்தக் காலத்தைப் பற்றி இதில எழுதப்போறேல்ல, தெரிஞ்சவைக்குத் தெரியும். பிறகு ஊருக்கு வந்து விட்ட படிப்பைத் திருப்பித் தொடங்கி, வட இலங்கை சங்கீத சபைச் சோதினை நாலாந் தரம் வரைக்கும் எடுத்து, தையல் வேலைக்குப் போய், அப்பிடி இருக்கேக்கதான் 2013 ல கிளிநொச்சியில ஒரு நாடகப் பட்டறை எண்டாங்கள். அந்த வருசம்தான் செப்டெம்பரில யாழ்தேவி ரெயின் திரும்பக் கிளிநொச்சி வரைக்கும் வந்தது. பட்டறைக்கு வந்த சிங்களப் பெடியள் பெட்டையள் எல்லாம் ரெயினில வந்து இறங்கினவை, நான் ஸ்டேசனுக்கு ரெயின் பாக்கத்தான் போனனான், உண்மையைச் சொன்னா.

ரெண்டு பாஷைக்காரரும் ஒரே மேடையில நிண்டு நடிக்கிறதை நாங்கள் ஒண்டும் புதுசாக் கண்டுபிடிக்கேல்ல. பராக்கிரம நிரியெல்ல ஆக்கள் மக்கள் களரி எண்டு, சிங்களத்தில ஜனகரலிய, கூடாரத்தையும் தூக்கிக்கொண்டு ஊர் ஊரா நடமாடும் அரங்கு நடத்தினவை, தமிழ் சிங்களம் ரெண்டு பக்கத்துப் பெடியளையும் ஒண்டா வச்சு. எங்களுக்குக் கூடாரம் ஒண்டும் இல்ல, ஒரு லொறி, ரெண்டு பெட்டி, ஒரு ஜெனரேற்றர்.

முதல் முதல் சிங்களப் பாட்டுத் தந்த உடன நான் செஞ்ச பிழை, அதைச் சீ.ஆர். கொப்பியில தமிழ் எழுத்தில எழுதினது. தமிழில ஒரு 'ப' தான் இருக்கு, பந்து எண்டாலும் ப, பஸ் எண்டாலும் ப, எங்களுக்கு வாயில தானா மாறும். அவைக்கு அது ரெண்டு எழுத்து, ரெண்டு சொல்லு. ராசாவைப் பாத்து "பாருங்கோ" எண்டு கெஞ்சிற இடம், அதுக்குப் பஸ்ஸில வாற 'ப' வேணும், நான் பந்தில வாற 'ப' போட்டுப் பாடிப்போட்டன், அது "போ, ஓடு" எண்டு நாயைக் கலைக்கிற மாதிரி ஒரு சொல்லு. கண்ணகி அழுது அழுது ராசாவைக் கலைச்சா எப்பிடி இருக்கும். றிகேர்சலில எல்லாரும் விழுந்து விழுந்து சிரிக்க எனக்கு ஏனெண்டு விளங்கேல்ல, நானும் சேர்ந்து சிரிச்சன். பிறகு மலைக்கும் மரத்தண்டுக்கும் ஒரு சொல்லுச் சோடி இருக்கு, தமிழில எழுதினா ரெண்டுமே 'கந்த' தான், ஒண்டில 'ந்' முழுசா நிக்கோணும், மற்றதில மூக்கால சும்மா தொட்டிட்டுப் போகோணும். அந்த வித்தியாசம் தாளத்தில வரும், முதலாவது அரை மாத்திரை கூடப் பிடிக்கும், அதைப் பிழையா விட்டா மத்தளத்தோட முட்டும். சிவப்புப் பேனையால புள்ளி வச்சு, கோடு போட்டு, கொப்பி அம்மை போட்ட மாதிரி வந்திட்டு. மூண்டு மாசம் பாத்திட்டுக் கொப்பியைத் தூக்கி எறிஞ்சிட்டு எழுத்தையே பழகினன். இதை ஆருக்கும் சொல்லுவன், பாடிற பாஷையின்ர எழுத்துத் தெரியாமப் பாடாதேங்கோ, காது ஏமாத்தும்.

அவையும் எங்கட பாஷையில பட்ட பாடு கொஞ்ச நஞ்சமில்ல. எனக்குத் தோழியா நடிச்ச அக்கா 'ழ' வுக்காக வீட்டில கண்ணாடிக்கு முன்னால நிண்டவ, கடைசியில எங்கள் எல்லாரையும் விட வடிவாச் சொன்னா, ஏனெண்டா நாங்கள் வன்னியில வாழைப்பழத்தை வாளப்பளம் எண்டுதானே சொல்லுறம். நெறியாளர் எங்களுக்கு முன்னால அவவைக் காட்டி "இப்பிடிச் சொல்லோணும்" எண்டார். அண்டைக்கு எங்கட மூஞ்சியளைப் பாத்திருக்கோணும்.

கண்ணகி கதையை எடுத்ததுக்குக் காரணம் நான்தான் எண்டு கொஞ்சம் பெருமையாச் சொல்லிக்கொள்ளலாம். வற்றாப்பளை எங்களுக்குப் பக்கத்து ஊர், நந்திக்கடல் கரையில அம்மன் கோயில், வைகாசிப் பொங்கலுக்கு முதல் கடல்தண்ணி எடுத்து வந்து முள்ளியவளைக் காட்டு விநாயகர் கோயிலில அந்தத் தண்ணியில விளக்கு எரிப்பினம், மதுரையை எரிச்சிட்டு வந்த ஆத்தை கிழவியா வந்து மாடு மேய்ச்ச பெடியளிட்டச் சொல்லி ஏத்தின விளக்கு எண்டு சின்னனில இருந்து கேட்டு வளந்த கதை. இதை நான் றிகேர்சல் இடைவேளையில சொல்ல, அந்த அக்கா "எங்கட பத்தினி தெய்யோ" எண்டு தொடங்கினா, கண்ணகிக்குச் சிங்களத்தில அதுதான் பேர். அவையிட்ட கோவலனுக்குப் பேர் பாலங்க, அம்மன் மாங்காயில பிறந்தவ, சிலம்புக்கு அவையின்ர சொல்லு சலம்ப. சலம்ப! நான் அதைக் கேட்ட உடன எழும்பிப் போய் நெறியாளரிட்ட, சிலம்பு உடையிற இடத்தில நான் தமிழில சிலம்பு எண்டு எடுக்க அக்கா சலம்ப எண்டு முடிக்கட்டும் எண்டு கேட்டன். அந்த ஒரு வரியில இருந்துதான் நாடகமே கட்டுப்பட்டது. பிறகு அந்த அக்கா கலியாணம் முடிச்சுப் போக ரெண்டு பக்கமும் என்ர தலையில வந்து விழுந்தது, இப்ப சிலம்பும் நான்தான் சலம்பவும் நான்தான்.

தெற்கில போய்ப் பாத்தா இன்னும் ஒரு புதினம். அவையின்ர நாடகம எண்ட வடிவமே எங்கட நாட்டுக்கூத்தில இருந்து போனது எண்டு அவையே படிப்பிக்கினம், அதுக்கு அடிக்கிற மத்தளத்துக்கு தெமல பெர எண்டும் பேர் இருக்கு, தமிழ் மேளம் எண்டு அர்த்தம். பேராசிரியர் எதிரிவீர சரச்சந்திர அந்த நாடகம இசையை வச்சு மனமே நாடகத்தை மேடையேத்தினது 1956 நவம்பரில. சிங்களம் மட்டும்தான் ஆட்சிமொழி எண்ட சட்டம் வந்ததும் அதே 1956 தான், ஆனி மாசம். நான் இதைப் பெரிசா ஒண்டும் விளங்கப்படுத்த வரேல்ல, ஆனா அந்த வருசம் கொழும்பில தமிழ் மேளத்துக்குக் கை தட்டினவையில எத்தினை பேருக்கு அதின்ர பேர் தெரிஞ்சிருக்கும் எண்டு சில நேரம் லொறியில போகேக்க யோசிக்கிறனான். பிறகு அறுபதுகளில பேராசிரியர் வித்தியானந்தன் பேராதனையில எங்கட கூத்துகளைச் சுருக்கி மேடைக்குக் கொண்டுவந்தார், கர்ணன் போர், நொண்டி நாடகம், இராவணேசன் எண்டு வரிசையா. நாங்கள் இண்டைக்கு ஒண்டரை மணித்தியாலத்தில கோவலன் கதையை முடிக்கிறதுக்குத் தைரியம் அங்கயிருந்துதான் வந்தது, அம்மப்பா இருந்திருந்தா விடிய விடிய ஆடாததெல்லாம் கூத்தோ எண்டு கேட்டிருப்பார்.

இனிச் சனத்தைப் பற்றிச் சொல்லோணும், அதுதான் இந்த வேலையில கஸ்டமான பகுதி. தெற்கில ஷோ முடிய மேடைக்குப் பின்னால வருவினம், கையைப் பிடிச்சு "தமிழ்ப் பிள்ளையா இருந்து எவ்வளவு வடிவாச் சிங்களம் பேசுறீங்கள்" எண்டு சொல்லுவினம், நல்ல மனசோடதான் சொல்லுறது, ஆனா நான் ஒண்டரை மணித்தியாலம் தொண்டை கிழியப் பாடியிருக்கிறன், அதில ஒரு சங்கதி நல்லா இருந்தது எண்டாவது சொல்லலாம்தானே. இஞ்சால எங்கட பக்கத்தில அது வேற மாதிரி. ஒரு இடத்தில பள்ளிக்கூட மண்டபம் தந்திட்டு ஷோவுக்கு ரெண்டு நாளைக்கு முதல் சிங்கள வரியளை எடுத்தா மட்டும் தாறம் எண்டவை. இன்னொரு இடத்தில, வேற ஆக்கள், சிங்கள வரியளைக் கூட்டினாக் காசு கூடத் தாறம் எண்டவை, நல்லிணக்கமாம், றிப்போட்டுக்கு வடிவா இருக்குமாம். ரெண்டு பேரும் ஸ்கிறிப்டை வாசிக்கேல்ல. கண்ணகி எந்த இடத்தில எந்தப் பாஷைக்கு மாறுறாள் எண்டது நாங்கள் ஒரு மாசம் அடிபட்டு முடிவெடுத்தது, கூட்டவும் குறைக்கவும் அது தேத்தண்ணிச் சீனி இல்ல. முதலாவது இடத்தில நாங்கள் போடேல்ல. ரெண்டாவது இடத்தில போட்டனாங்கள், வரி கூட்டாம, சொன்ன காசும் வரேல்ல.

காசு எண்டா, இது மாசச் சம்பள வேலை இல்ல. ஷோவுக்கு இவ்வளவு எண்டு, சாப்பாடு, போக்குவரத்து. ஐப்பசி தொடங்கித் தை வரைக்கும் மழை, வெளியில மேடை போடேலாது, பிறகு காலபோக நெல்லு வெட்டு, சனம் வயலுக்க நிக்கும், ஆர் நாடகம் பாப்பினம். பங்குனியில இருந்து ஆவணி மட்டும்தான் ஓட்டம், கோயில் திருவிழாக்களோட. 2020 ல கொரோனா, அதால எழும்ப முதல் 2022 ல டீசல் இல்ல, லொறி மூண்டு நாள் கியூவில நிண்டது, நானும் திரும்பப் போலிமயில. அந்த ரெண்டு வருசமும் தையல் மெசின்தான் சோறு போட்டது, அது இப்பவும் வீட்டில மூலையில இருக்கு, விக்கிற எண்ணம் இல்ல.

போன வருசம் வைகாசிக்குப் பிறகு எங்கட ஊருக்குப் பக்கத்தில ஒரு வெட்டையில போட்டம். நான் அவ்வளவு வருசமும் தவிர்த்துக்கொண்டு வந்த இடம் அது. சொந்தச் சனம், தெரிஞ்ச முகங்கள், முன் வரிசையில பிள்ளையளைத் துலைச்ச அம்மாமார் நாலைஞ்சு பேர், நான் கோவலன்ர உடம்பைப் பாத்துப் புலம்பிற பாட்டை அவைக்கு முன்னால பாடோணும், அதில நடுவில நாலு வரி சிங்களம். பின்னேரம் நெறியாளர் "வேணுமெண்டா இண்டைக்கு அந்த நாலு வரியையும் விடுவம்" எண்டு மெதுவாக் கேட்டார். மற்ற இடத்தில விடமாட்டம் எண்டு சண்டை பிடிச்சிட்டு இஞ்ச விட்டா அது என்ன ஞாயம், நான் பாடுறன் எண்டன், சொல்லிப்போட்டுப் பாத்ரூமுக்க போய் வாந்தி எடுத்தன்.

பாடினன். காத்துக்கு மைக் இரைஞ்சது, பாட்டின்ர நடுவில பற்றறியும் போட்டுது, நாலு கட்டையில நிண்ட நான் மைக் இல்லாமப் பின்னுக்குக் கேக்கோணுமே எண்டு என்னை அறியாம அஞ்சுக்கு ஏறிப்போனன், ஆர்மோனிய ஐயா பதறிக்கொண்டு பின்னால ஓடி வந்தார், அந்த அந்தரத்தில சிங்கள வரி எப்ப வந்தது எப்ப போனது எண்டு எனக்கே தெரியாது. சனம் அசையேல்ல. ஒரு அம்மா முந்தானையை வாயில வச்சிருந்தா, அவவைப் பாக்கக் கூடாது எண்டு லைற்றைப் பாத்துக்கொண்டு பாடினன்.

முடிஞ்சு முகப்பூச்சுத் துடைச்சுக்கொண்டு இருக்கேக்க ஒரு வயசுபோன ஐயா ஊண்டுகோலோட வந்து நிண்டார். பழைய கூத்துக்காரர், அம்மப்பாவோட ஆடினவராம். எனக்கு நெஞ்சு இடிக்குது, சிங்களத்தைப் பற்றித்தான் கேக்கப் போறார், என்ன மறுமொழி சொல்லுறது எண்டு மனசுக்க வசனம் அடுக்கிறன்.

"பிள்ளை, அந்தப் புலம்பலில நடுவில ஏன் சுருதி ஏறினது?"

மைக் போட்டுது ஐயா எண்டன்.

"மைக் போனாப் போகட்டும். உன்ர அப்பு மைக்கோ வச்சவர். ஏறினா ஏறின இடத்திலயே நிண்டு முடிச்சிருக்கோணும், கடைசி அடிக்கு ஏன் திரும்ப இறங்கினனி? மத்தளக்காரன் வாயைப் பிளந்துகொண்டு நிக்கிறான்."

நான் ஒரு கதிரை இழுத்துப்போட்டு அவரை இருக்கச் சொன்னன். கடைசி அடியைத் திரும்பப் பாடச் சொன்னார். பாடினன். இன்னும் ஒருக்கா எண்டார். லொறிக்காரன் ஹோர்ன் அடிக்கத் தொடங்கீட்டான், ஐயா அவனைப் பொறுக்கச் சொல்லிக் கையைக் காட்டிப்போட்டு, ஊண்டுகோலால நிலத்தில தாளம் தட்டினார்.