உதடு ஒரு பக்கம், பாட்டு ஒரு பக்கம்

புரொஜெக்டருக்கு எண்ணெய் போட்டு, பெல்ட் மாற்றி, ஊமைப் படம் ஓட்டிப் பார்த்தது போன மாதம். இந்த வாரம்தான் முதல் பேசும் ரீல்: 1934இல் பாரமவுண்ட் வெளியிட்ட 'கேப் கேலோவேஸ் ஹை-டி-ஹோ'. பத்து நிமிடச் சொச்சம். 16 எம்எம் பிலிம் நிமிடத்துக்கு 36 அடி ஓடும், ஆக 400 அடி ரீலில் அடங்கிவிட்டது.

ரயிலில் பாடகர் கேப் கேலோவேயின் பேண்டு முழுவதும் தூங்குகிறது. தந்தி வருகிறது. கேலோவே எழுந்து எல்லாரையும் எழுப்பி, இரவு உடையோடே ஒத்திகையை ஆரம்பித்துவிடுகிறார். என் சுவரில் அவர் வாயைத் திறந்து மூடிய பிறகு குரல் வந்தது. மட்டமான டப்பிங் படம் மாதிரி! பிரிண்டைத்தான் முதலில் திட்டினேன். தப்பு என்னுடையது.

16 எம்எம்மில் ஒரு ஃபிரேமுக்கான, அதாவது பிலிமில் உள்ள ஒற்றைப் படத்துக்கான, ஒலி அதற்கு 26 ஃபிரேம் முன்னால் பதிவாகியிருக்கும். லென்ஸுக்குப் பின்னால் உள்ள 'கேட்' என்ற சட்டத்தில் பிலிம் நொடிக்கு 24 முறை நின்று நின்று போகும். அதைத் தாண்டி, ஒலியைப் படிக்கும் உருளையில் நிற்காமல் வழுக்கிக்கொண்டு போக வேண்டும். நடுவில் பிலிமைத் தளர்வாக விட்ட வளைவு, அதாவது லூப்தான், அந்த உதறலை வாங்கிக்கொள்கிறது. பிலிமின் ஓரத் துளை கிழிந்துவிடுமோ என்ற பயத்தில் நான் லூப்பைத் தாராளமாக விட்டிருந்தேன். கூடுதலாக விட்ட ஒவ்வொரு ஃபிரேமுக்கும் ஒலி பிந்தும்.

ஃபிரேமுக்கு ஒரு துளை என்பதால் பல்சக்கரத்தில் ஒவ்வொரு துளையாகத் தள்ளி மாட்டினேன். கேலோவேயின் உதட்டைப் பார்த்துச் சரிபார்ப்பது வீண், மனிதர் ஓரிடத்தில் நின்றால்தானே. டிரம்ஸ்காரரின் குச்சியைப் பார்த்தேன். நாலாவது துளையில் அடியும் சத்தமும் ஒன்றாக விழுந்தன. அதாவது ஆறில் ஒரு பங்கு நொடிதான் இத்தனை நேரம் படுத்தியிருக்கிறது. அப்புறம் பார்த்தால், லூப் அளவுக்கான கோடு உள்ளேயே இருக்கிறது, அழுக்குக்கு அடியில்.

ரயில் காட்சி வெறும் கற்பனை இல்லை. தென் மாநில ஓட்டல்களில் கறுப்பர்களுக்கு அறை கிடைக்காத காலம். கேலோவேயின் குழு தனியாக அமர்த்திய புல்மேன் என்ற படுக்கை வசதி ரயில் பெட்டியிலேயே தங்கி ஊர் ஊராகப் போயிருக்கிறது. இயக்குநர் ஃபிரெட் வாலர்தான் பின்னால் சினிராமா என்ற அகன்ற திரை முறையைக் கண்டுபிடித்தவர் என்பது எனக்கே புதுச் செய்தி.

டிரம்பெட் மட்டும் இன்னும் போர்வைக்குள் இருந்து ஊதுகிற மாதிரிதான் கேட்கிறது. ஒலி லென்ஸைப் பஞ்சால் துடைத்ததில் கொஞ்சம் தேவலை. ஒலித் தடத்தின் மேல் வெளிச்சம் பாய்ச்சும் எக்சைட்டர் பல்பின் இழை தொய்ந்திருக்கிறது, அடுத்து அதைக் கழற்ற வேண்டும்.