பாக்கி வசூலுக்குப் போலீஸ் புகாரா?

சிங்கப்பூரின் தேக்கா வட்டாரத்தில் கடை நடத்தும் சிறு வணிகர்கள் சிலருக்கு நான் கணக்கெழுதித் தருகிறேன். வராத பாக்கியைப் பற்றிப் பேச்செடுத்தால், "ஒரு போலீஸ் ரிப்போர்ட் போட்டால் ஆள் தானாக ஓடி வருவான்" என்று அவர்களில் பலர் சொல்கிறார்கள். இந்த நம்பிக்கை தவறு. சொல்பவருக்கே கேடு விளைவிப்பதும்கூட.

சிங்கப்பூரின் தண்டனைச் சட்டம், 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டத்தை முன்மாதிரியாகக் கொண்டது. ஏமாற்றுதலை விளக்க அந்தப் பழைய சட்டமே ஓர் எடுத்துக்காட்டைத் தருகிறது. அவுரிச் செடி தருவதாகச் சொல்லி முன்பணம் வாங்கும் ஒருவனுக்கு, வாங்கும்போதே தரும் எண்ணம் இல்லையென்றால் அவன் ஏமாற்றுக்காரன். தரும் எண்ணத்தோடு வாங்கிப் பிறகு ஒப்பந்தத்தை மீறினால், அவன்மீது உரிமையியல் (சிவில்) வழக்கு மட்டுமே தொடுக்கலாம். பணம் கைமாறிய நேரத்தில் அவன் மனத்தில் என்ன இருந்தது என்பதையே சட்டம் பார்க்கிறது. பின்னால் அவன் எத்தனை முறை வாக்குத் தவறினான் என்பதையல்ல.

அண்மையில் காய்கறி மொத்த வியாபாரி ஒருவர், உணவு விநியோக நிறுவனம் ஒன்று தமக்கு 18,000 வெள்ளிக்கு (சிங்கப்பூர் டாலருக்கு) மேல் தர வேண்டியிருக்கிறது என்று கோப்போடு வந்தார். முதல் சில மாத பில்கள் ஒழுங்காகக் கட்டப்பட்டிருந்தன. அதன்பின் வாட்ஸ்அப்பில், "ஒரு பெரிய ஆர்டர் கைவிட்டுப் போய்விட்டது, அடுத்த வாரம் பாதியாவது தந்துவிடுகிறேன் அண்ணே" என்ற வகையில் செய்திகள் வரிசையாக இருந்தன. குற்றத்திற்கு ஆதாரம் என்று எண்ணி அவர் அச்சிட்டு வைத்திருந்த அந்தத் தாள்களே, தொடக்கத்தில் ஏமாற்றும் எண்ணம் இல்லை என்பதைக் காட்டின. அதே சமயம் கடனை ஒப்புக்கொண்ட எழுத்தும் அவைதாம். உரிமையியல் வழக்கில் அவற்றைவிட நல்ல சான்று கிடைப்பது அரிது. அவருடைய தொகைக்குச் சிறு உரிமைகோரல் நடுவர் மன்றமே போதும் என்றேன். அங்கே 20,000 வெள்ளி வரை, இரு தரப்பும் சம்மதித்தால் 30,000 வெள்ளி வரை கோரலாம். வழக்கறிஞர் வைத்துக்கொள்ள முடியாது என்பதால் அந்தச் செலவும் இல்லை. ஆனால் இரண்டு ஆண்டுகளுக்குள் போக வேண்டும். போலீஸ் புகாரை நம்பிக் காத்திருப்பவர்கள் இழப்பது பெரும்பாலும் இந்தக் காலத்தைத்தான்.

ஊர்ப் பழக்கமும் இந்த எண்ணத்திற்கு ஒரு காரணம். இந்தியாவில் 1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவின்படி, கணக்கில் பணமின்றிக் காசோலை திரும்பி, நோட்டீஸ் கொடுத்த பிறகும் பணம் வராவிட்டால் இரண்டு ஆண்டு வரை சிறை உண்டு. சிங்கப்பூரில் காசோலை திரும்புவது மட்டுமே குற்றமாகாது. இந்தியச் சட்டத்தை நினைத்துக்கொண்டு இங்கே காவல் நிலையத்துக்குப் போகிறவரிடம், இது உரிமையியல் தகராறு, வழக்கறிஞரைப் பாருங்கள் என்று சொல்லப்படுவது வழக்கம். புகாரை வலுப்படுத்துவதற்காகத் தெரிந்தே ஒரு பொய்யைச் சேர்த்தால், புகார் கொடுத்தவரே, அரசு ஊழியரிடம் பொய்த் தகவல் தருவதைக் குற்றமாக்கும் சிங்கப்பூர் தண்டனைச் சட்டத்தின் 182ஆம் பிரிவில் சிக்கக்கூடும்.

இப்படிச் சொல்வதால், வணிகத்தில் குற்றமே நடப்பதில்லை என்று பொருளாகாது. பங்குதாரர் போலி பில் போடுவதும், இயக்குநர் நிறுவனப் பணத்தைத் தம் சொந்தக் கணக்குக்கு மாற்றிக்கொள்வதும் தயங்காமல் புகார் கொடுக்க வேண்டியவை. நம்பி ஒப்படைத்த பணத்தைக் கையாடுவதற்கு அதே சட்டத்தின் 409ஆம் பிரிவு விதிக்கும் கடுமையான தண்டனை இயக்குநர்களுக்குப் பொருந்தாது என்று, சிட்டி ஹார்வெஸ்ட் தேவாலய நிதி வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம் 2018இல் தீர்ப்பளித்த பிறகு, நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தியது. 2020 முதல் அவர்களுக்கும் 20 ஆண்டு வரை சிறை விதிக்கலாம். இத்தகைய வழக்குகளைத் துப்புத்துலக்கும் அதிகாரிகளின் நேரத்தைச் சாதாரண பாக்கித் தகராறுகள் தின்பது, உண்மையிலேயே மோசம் போனவர்களுக்குச் செய்யும் அநீதி என்றே கருதுகிறேன்.

புகார் கொடுக்கத் துடிப்பவர்களிடம் நான் முதலில் கேட்பது, பணம் வேண்டுமா, தண்டனை வேண்டுமா என்பதுதான். குற்றவியல் வழக்கை நடத்துவது அரசுத் தரப்பு. எப்போது தொடர்வது, எப்போது கைவிடுவது என்பது புகார்தாரர் கையில் இல்லை. குற்றவாளி என்று தீர்ப்பானால் இழப்பீடு வழங்க நீதிமன்றம் உத்தரவிடலாம்; ஆனால் ஐயத்திற்கு இடமின்றி மெய்ப்பிக்கும் வரை காத்திருக்க வேண்டும். உரிமையியல் வழக்கிலோ, எது உண்மையாக இருக்க அதிக வாய்ப்புள்ளது என்று காட்டினாலே போதும். காய்கறி வியாபாரி பணம்தான் வேண்டும் என்றார். அன்று மாலையே பில்களைத் தேதிவாரியாக அடுக்கத் தொடங்கினோம்.