ஒரு கறுப்புச் சூட்டும் இரண்டு டைகளும்

ஒசாகாவில் வேலைக்குச் சேர்ந்த முதல் மாதத்திலேயே வந்த ஒரு விருந்து அழைப்பிதழில் ‘ஹெய்ஃபுகுவில் வரவும்’ என்று இருந்தது. அகராதி அதற்கு ‘அன்றாட உடை’ என்று பொருள் சொன்னதை நம்பி, ஜீன்ஸும் கட்டம் போட்ட சட்டையுமாகப் போய் நின்றேன். அங்கே அடர்நிறச் சூட் அணியாத ஆண் நான் ஒருவன்தான். சடங்கு உடை வேண்டாம், சூட் போதும் என்பதுதான் அந்தச் சொல்லின் வழக்குப் பொருளாம். யாரும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. குழுப் புகைப்படம் எடுக்கும்போது மட்டும் என்னைப் பக்குவமாகப் பின்வரிசைக்கு நகர்த்திவிட்டார்கள்.

மறுநாள் எங்கள் பிரிவுத் தலைவர், எல்லோரும் ‘கச்சோ’ என்று பதவியாலேயே அழைப்பவர், தம் அலமாரியைத் திறந்து காட்டினார். கறுப்புச் சூட் ஒன்று தொங்கியது. அதன் தோளில் ஒரு வெள்ளை டை, ஒரு கறுப்பு டை. வெள்ளை கல்யாணத்துக்கு, கறுப்பு சாவுக்கு. தமக்கு வேலை கிடைத்தபோது தந்தை வாங்கிக் கொடுத்த வழக்கப்படி, மகனுக்குத் தாமும் இதையே வாங்கித் தரப் போவதாகச் சொன்னார். கல்யாண வீட்டுக்குக் கறுப்பு உடுத்தினால் பெரியவர்கள் முகம் சுளிக்கும் ஊரிலிருந்து வந்த எனக்கு இது பிடிபடச் சில காலம் ஆயிற்று.

எழுதி வைத்த விதி எதுவும் அலுவலகத்தில் இல்லை. ஆனாலும் மே 31 வரை டையோடு வியர்த்துக்கொண்டிருந்தவர்கள், பள்ளிச் சீருடைகளும் கோடைக்கு மாறும் ஜூன் 1 காலையில், ஒருவர் பாக்கியில்லாமல் வெறுங்கழுத்தோடு வந்தார்கள். கோடையில் டையைக் கழற்றச் சொன்னதே அரசுதான்: 2005இல் சுற்றுச்சூழல் அமைச்சகம், அலுவலக அறைகளை 28 டிகிரியில் வைக்கச் சொல்லி ‘கூல் பிஸ்’ இயக்கத்தைத் தொடங்கியது. நான் உள்ளூரச் சிரித்துக்கொண்டேன். மூன்றாம் ஆண்டு மே மாதக் கடைசியில் நானும் டையைத் தளர்த்தாமல் உட்கார்ந்திருந்ததைக் கவனித்தபின் அந்தச் சிரிப்பு நின்றது.

இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் கடைசிப் படமான ‘சன்மா நோ அஜி’யை, 1962இல் வந்தது, அந்நாட்களில்தான் பார்த்தேன். மனைவியை இழந்த தந்தை, தம்மைக் கவனித்துக்கொண்டிருந்த மகளைக் கட்டிக் கொடுக்கிறார். மகள் ‘த்சுனோககுஷி’ என்னும் வெள்ளைத் தலையணியோடு வந்து நிற்கிறாள். கொம்பை மறைப்பது என்று அதற்குப் பொருள்; பொறாமையால் பெண்ணுக்கு முளைப்பதாகச் சொல்லப்படும் கொம்பு. (மாப்பிள்ளையின் கொம்புக்குத் துணி எதுவும் கிடையாது.) திருமணத்தை ஓசு காட்டுவதே இல்லை. அது முடிந்து சடங்குக் கோட்டோடு மதுக்கடைக்குள் நுழையும் தந்தையிடம், சாவு வீட்டிலிருந்தா வருகிறீர்கள் என்று கடைக்காரப் பெண் கேட்கிறாள். கிட்டத்தட்ட அப்படித்தான் என்கிறார் அவர். இரண்டு வீட்டுக்கும் ஒரே கறுப்பு என்பதால்தான் அவளால் அப்படிக் கேட்க முடிகிறது. மகளைப் பிரிந்த துக்கத்தை வாய்விட்டுச் சொல்லத் தெரியாத மனிதர் அந்தக் கேள்விக்குள் ஒதுங்கிக்கொள்ளவும் முடிகிறது.

சக ஊழியர் ஒருவரின் தந்தை இறந்தபோது அலுவலகச் சூட்டிலேயே போனேன். சடங்குக் கறுப்பின் சாயம் ஆழமானது; குழல்விளக்கின் கீழ் என் கறுப்பு மட்டும் சாம்பலாகத் தெரிந்தது. அந்த வாரமே சரியான சூட் வாங்கினேன். குளிர்காலத்தில் இன்னொரு சாவுக்கும், வசந்தத்தில் ஒரு கல்யாணத்துக்கும் அதை அணிந்தேன். விருந்தின் நடுவே கைக்குட்டை தேடிக் கோட்டுப் பையில் கையை விட்டபோது, வீட்டுக்குள் நுழையுமுன் உடம்பில் தூவிக்கொள்ளச் சாவு வீட்டில் கொடுத்த உப்புப் பொட்டலம் அகப்பட்டது. பக்கத்தில் இருந்த கச்சோ பார்த்துவிட்டார். மேசைக்கு அடியில் கையை நீட்டி அதை வாங்கித் தம் பைக்குள் போட்டுக்கொண்டு, மணமக்களுக்குக் கைதட்டத் தொடங்கினார்.