கெட்டிக்காரக் குதிரையும் நீதி கேட்கும் பாட்டியும்

கதையைச் சொல்லி முடித்து மூச்சு வாங்குவதற்குள், ஏழு வயதுப் பேத்தி கையைக் கட்டிக்கொண்டு நிமிர்ந்து உட்கார்ந்தாள். "பாட்டி, இப்போது நீதியைச் சொல்லவா?" என்று கேட்டாள். வகுப்பில் வாய்ப்பாடு ஒப்பிக்கும் முகம். ஒரு நிமிடம் முன்புவரை கோழியைப் போலவே முற்றத்தில் ஓடிக் காட்டிச் சிரித்துக்கொண்டிருந்த பெண் அவள். கடைசியில் நான் கேட்கப்போகும் கேள்விக்காகச் சிரிப்பை மடித்து வைத்துவிட்டாள்.

அன்று இரவு எனக்குச் சரியாகத் தூக்கம் வரவில்லை. படுத்திருந்தபோது ஹான்ஸ் என்ற குதிரை நினைவுக்கு வந்தது.

நான் 31 ஆண்டுகள் கால்நடை மருத்துவராக வேலை பார்த்தவள். ஹான்ஸின் கதையைக் கல்லூரியிலேயே படித்திருக்கிறேன். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பெர்லின் நகரில், வில்ஹெல்ம் ஃபான் ஓஸ்டன் என்ற ஓய்வுபெற்ற கணக்கு ஆசிரியர் தம் குதிரைக்குக் கணக்குச் சொல்லிக்கொடுத்தார். இரண்டும் மூன்றும் எத்தனை என்று கேட்டால் ஹான்ஸ் குளம்பால் ஐந்து முறை தட்டும். கூட்டம் கூட்டமாக வந்து பார்த்தார்கள். 1904-இல் ஒரு குழு ஆராய்ந்து, இதில் ஏமாற்று வேலை எதுவும் இல்லை என்றது. 1907-இல் ஆஸ்கர் ஃபுங்ஸ்ட் என்ற உளவியலாளர்தான் உண்மையைக் கண்டுபிடித்தார். கேள்வி கேட்பவருக்கே விடை தெரியாவிட்டால் குதிரைக்கும் தெரியவில்லை! கேட்பவர் குதிரையின் காலைப் பார்க்கத் தலையைச் சற்றே குனிகிறார். சரியான எண் வந்ததும் தம்மை அறியாமல் துளி நிமிர்கிறார். ஹான்ஸ் அந்த அசைவைப் பார்த்துத் தட்டுவதை நிறுத்திவிடும். கணக்கு அதற்கு வராது. ஆனால் மனித முகத்தை அது படித்த அளவுக்கு அங்கே கூடியிருந்த அறிஞர்கள் யாரும் படிக்கவில்லை.

குழந்தைகள் என் முகத்தைப் படித்துக்கொண்டிருந்தார்கள். "இந்தக் கதையிலிருந்து என்ன தெரிகிறது?" என்று நான் கேட்டதும் பேத்தி "பொறுமையாக இருக்க வேண்டும்" என்பாள். என் புருவம் அசையாவிட்டால் உடனே "பெரியவர்கள் சொன்னதைக் கேட்க வேண்டும்" என்று மாற்றுவாள். நான் நிமிர்ந்ததும் நிறுத்திக்கொள்வாள். எத்தனையோ மாலைகள் இப்படியே போயிருக்கின்றன.

மறுநாள் ஒரு முடிவுக்கு வந்தேன். கதைகள் அவைதாம், என் வாழ்நாளில் நான் கையால் தொட்ட விலங்குகளின் கதைகள். ஆனால் இனிமேல் எனக்கே விடை தெரியாத கேள்வியைத்தான் கேட்பேன். அப்படிக் கேள்வி எதுவும் தோன்றாத நாளில் சும்மா இருந்துவிடுவேன்.

முதலில் அதே கோழிக் கதையை மீண்டும் எடுத்தேன்.

நான் சிறுமியாக இருந்தபோது எங்கள் வீட்டில் சாம்பலி என்ற கோழி அடையில் உட்கார்ந்தது. கோழி முட்டை கைவசம் இல்லாததால் ஒன்பது வாத்து முட்டைகளை வைத்துவிட்டார்கள். கோழிக் குஞ்சு வெளிவர 21 நாள். வாத்துக் குஞ்சுக்கு 28 நாள். சாம்பலிக்கு இந்தக் கணக்கை யாரும் சொல்லவில்லை. இருபத்திரண்டு, இருபத்து மூன்று என்று நாள்கள் போயின. மெலிந்துபோனாள். தண்ணீர் குடிக்க எழுந்து ஓடுவாள், இரண்டு வாய் தீனி கொத்துவாள், மறுபடியும் வந்து இறகை விரித்து அமர்ந்துவிடுவாள். இருபத்தெட்டாம் நாள் ஒன்பதும் பொரிந்தன. மஞ்சள் பந்துகள், தட்டை அலகுகள். சாம்பலி ஒவ்வொன்றையும் ஒரு கண்ணால் பார்த்தாள், பிறகு தலையைத் திருப்பி மறு கண்ணாலும் பார்த்தாள். பெற்றதைப் பெருமையாக அழைத்துக்கொண்டு முற்றத்துக்கு வந்தாள்.

தோட்டத்து மூலையில் ஒரு குட்டை இருந்தது. ஒன்பதும் வரிசையாகப் போய் அதில் இறங்கிவிட்டன.

அன்று சாம்பலி போட்ட கூச்சலைக் கேட்டு வீட்டில் இருந்த அத்தனை பேரும் ஓடி வந்தோம். கரையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் அவள் ஓடுகிறாள். குஞ்சுகள் தலையைத் தண்ணீருக்குள் விட்டு வாலை வானத்துக்குக் காட்டுகின்றன. ஒவ்வொரு வாலும் மேலே வரும்போது சாம்பலி ஓர் அலறல் அலறுகிறாள். ஒரு காலைத் தண்ணீரில் வைத்துப் பார்த்தாள்; சுட்டதைப் போலத் தூக்கி உதறினாள். குஞ்சுகள் தாமாகக் கரையேறியதும் ஒன்பதையும் இறகுக்குள் இழுத்துக்கொண்டாள். ஒன்பது ஈரப் பந்துகள் வயிற்றில் பட்டதும் அவள் உடம்பு சிலிர்த்ததை நான் இப்போதும் மறக்கவில்லை. ஆனாலும் எழுந்திருக்கவில்லை.

மறுநாளும் இதே கூத்து. அதற்கு மறுநாளும். ஒருவாரத்துக்கும் மேல் ஓடி ஓடி, பிறகு ஒருநாள் ஓடுவதை நிறுத்திவிட்டாள். குஞ்சுகள் குட்டையில் இருந்தன; அவள் கரையோர ஈரமண்ணைக் கிளறிக்கொண்டிருந்தாள். அவ்வப்போது தலையைத் தூக்கிப் பார்த்தாள். புழு கிடைத்ததும் "கொக் கொக்" என்று கூப்பிட்டாள். ஒன்பதும் தண்ணீரை உதறிக்கொண்டு ஓடி வந்தன.

அந்த நாளில் சாம்பலி ஏன் ஓடவில்லை? எனக்கு உண்மையிலேயே தெரியாது. அதைத்தான் கேட்டேன்.

நாலு வயதுப் பேரன், "கால் வலித்திருக்கும்" என்றான். அடுத்த வீட்டுச் சிறுவன் ஒருவன் தினமும் கதைக்கு வருவான், அதிகம் பேசமாட்டான். அவன், "தினமும் எண்ணிப் பார்த்திருக்கும். ஒன்பதும் திரும்பி வருகிறதே" என்றான். பேத்தி ஒன்றும் சொல்லவில்லை. இரவுச் சாப்பாட்டின்போது அவள் அம்மாவிடம், "நான் நீச்சல் வகுப்பில் இருக்கும்போது நீ ஏன் அம்மா கரையில் நடந்துகொண்டே இருக்கிறாய்?" என்று கேட்டாள். என் மகளுக்குப் புரையேறிவிட்டது. எனக்குச் சிரிப்பு வந்தது, கூடவே கண்ணும் கலங்கியது. நான் திட்டமிட்டு வைத்திருந்த நீதி, அவரவர்க்கு அவரவர் இயல்பு என்பது. நல்ல நீதிதான். ஆனால் அதை வைத்துக்கொண்டு நான் இந்த இடத்துக்கு வந்திருக்கவே முடியாது.

இன்னொரு விஷயத்தில் எனக்குப் பிடிவாதம் உண்டு. விலங்குக்குச் சட்டை மாட்டி, மனிதக் குணத்தை அதன் தலையில் ஏற்றிச் சொல்லும் கதைகள் எனக்கு ஒத்துவருவதில்லை. கழுதை முட்டாள், பன்றி அழுக்கு, எருமை சோம்பேறி என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டு, பிறகு அதே பெயர்களால் பிள்ளைகளையே திட்டுகிறோம். பன்றிக்கு உடம்பைக் குளிர வைக்கும் அளவுக்கு வியர்க்காது. சேறுதான் அதற்கு நிழல், சேறுதான் குளியல். எருமைக்கும் வியர்வைச் சுரப்பிகள் பசுமாட்டைவிடக் குறைவு, தோலோ கருப்பு. "எருமை மாட்டின் மேல் மழை பெய்த மாதிரி நிற்கிறாயே" என்று கடிந்துகொள்கிறோமே, வெயிலில் வெந்துபோன எருமையின் முதுகில் மழை விழும்போது அதன் முகத்தைப் பக்கத்தில் நின்று பார்த்தவள் நான். அது சுகம். இதைச் சொன்ன மறுநாள் பேத்தி தம்பியை "எருமை" என்று திட்டினாள். அவன் தரையில் மல்லாந்து படுத்துக்கொண்டு, "ஆமாம், எனக்கு மழை பெய்கிறது" என்று கண்களை மூடிக்கொண்டான். அதற்கு மேல் அவளால் சண்டையைத் தொடர முடியவில்லை.

ஆடு கிடைத்ததையெல்லாம் தின்னும் என்பதும் அப்படித்தான். இரண்டு நாளாகத் தீனி எடுக்கவில்லை என்று ஓர் ஆட்டைக் கொண்டுவந்தார்கள். நான் மருந்துச் சீட்டு எழுதி நீட்டினேன். வாங்க வந்த கைக்கு முந்தி ஆடு வாங்கிவிட்டது, மென்று விழுங்கியும்விட்டது. பசி இருக்கிறது, அப்படியானால் தீனியில்தான் ஏதோ குறை என்று கொட்டகைக்குப் போய்ப் பார்த்தேன். தொட்டியில் புழுக்கை விழுந்திருந்தது. ஆடு உதட்டால் தடவிப் பார்த்துத்தான் எதையும் தெரிந்துகொள்ளும். அசுத்தப்பட்ட தீனியைத் தொடாது. ஆடு தொடாததால்தான் ஒரு செடிக்கு ஆடாதொடை என்றே பெயர் வந்தது என்பார்கள். தொட்டியைக் கழுவிப் புதுத் தழை போட்டதும் தின்றது. இந்தக் கதைக்குப் பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நான் கேள்வி எதுவும் கேட்பதில்லை.

கழுதைக் கதைதான் நீளமானது. மழை விட்டிருந்த ஒரு நாள். காலில் புண்ணோடு ஒரு கழுதையை மருத்துவமனைக்கு ஓட்டி வந்தார்கள். வாசலுக்கு முன்னால் தண்ணீர் தேங்கிக் கிடந்தது. கணுக்கால் ஆழம்கூட இருக்காது. கழுதை நின்றுவிட்டது. இரண்டு பேர் முன்னால் கயிற்றை இழுத்தார்கள், இரண்டு பேர் பின்னால் தள்ளினார்கள். நான்கு காலையும் ஊன்றிக்கொண்டு அது நின்றது. "சண்டித்தனம் செய்கிறது, டாக்டர்" என்று குறைப்பட்டுக்கொண்டார்கள்.

அது சண்டித்தனம் இல்லை. குதிரைக்குப் பயம் வந்தால் பாய்ந்து ஓடும். கழுதை பெரும்பாலும் அப்படியே நின்று, எதிரில் இருப்பது என்னவென்று பார்க்கும். தண்ணீரின் ஆழம் தெரியாது. தெரியும்வரை காலை எடுத்து வைக்காது. இழுக்க இழுக்க, இங்கே ஏதோ ஆபத்து இருக்கிறது என்ற எண்ணம்தான் அதற்கு உறுதிப்படும்.

ஓட்டி வந்தவரின் மகன், ஆறு வயது இருக்கலாம், செருப்பைக் கழற்றினான். நேராகத் தண்ணீரின் நடுவில் போய் நின்றான். கழுதையின் பெயரைச் சொல்லிக்கூடக் கூப்பிடவில்லை; சும்மா நின்றான். கழுதையின் இரண்டு காதுகளும் அவன் பக்கம் திரும்பின. மூக்கைத் தாழ்த்தித் தண்ணீரை முகர்ந்தது. அவன் காலைப் பார்த்தது. ஓர் அடி வைத்தது. பிறகு சடசடவென்று கடந்து போய்விட்டது. பின்னால் முழு பலத்தோடு தள்ளிக்கொண்டிருந்த இருவரும், தள்ள எதுவும் இல்லாமல், குப்புறத் தண்ணீரில் விழுந்தார்கள்.

அந்த இடத்தில் பேரனுக்கு விக்கலே வந்துவிட்டது. மூன்று தடவை திரும்பச் சொல்லச் சொன்னான், மூன்று தடவையும் தானே விழுந்து காட்டினான். நீதியைப் பற்றி யாரும் பேசவில்லை. மாடு அவசரமாக மேய்ந்துவிட்டு, பிறகு நிழலில் படுத்து நாளில் ஏழெட்டு மணி நேரம்கூட அசைபோடும். தின்ற இடத்திலேயே நிற்க வைத்து "என்ன சத்துக் கிடைத்தது?" என்று அதனிடம் யாரும் கேட்பதில்லை.

நான்கு நாள் கழித்து இருக்கும். பேரனுக்கு இருட்டான குளியலறை என்றால் பயம். வழக்கமாக அக்கா அவனை முதுகில் கைவைத்து உள்ளே தள்ளுவாள். அவன் கதவுச் சட்டத்தைப் பிடித்துக்கொண்டு கத்துவான். அன்று கத்தல் கேட்கவில்லை. எட்டிப் பார்த்தேன். அவள் இருட்டுக்குள் போய் நடுவில் நின்றுகொண்டிருந்தாள். கூப்பிடவும் இல்லை. அவன் வாசலில் நின்று சற்று நேரம் பார்த்தான். பிறகு ஓர் அடி வைத்தான். நான் சத்தம் போடாமல் வந்துவிட்டேன். கழுதையை அவள் நினைத்தாளா என்று இதுவரை கேட்கவில்லை, கேட்கவும் மாட்டேன்.

நேற்று வானத்தில் போன ஆட்டின் கதையைச் சொன்னேன். இது நான் கையால் தொட்ட ஆடு இல்லை. ஆனால் நடந்தது நடந்ததுதான். 1783 செப்டம்பர் 19 அன்று பிரான்சின் வெர்சாய் அரண்மனை முன்பு மோன்கோல்ஃபியே சகோதரர்கள் ஒரு வெப்பக்காற்று பலூனை ஏற்றினார்கள். மேலே போனால் உயிர் தாங்குமா என்று தெரியாத காலம். அதனால் மனிதரை ஏற்றாமல் ஒரு செம்மறியாடு, ஒரு வாத்து, ஒரு சேவல் மூன்றையும் கூடையில் வைத்து அனுப்பினார்கள். ராஜாவும் ராணியும் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். எட்டு நிமிடம் பறந்து, சுமார் மூன்று கிலோமீட்டர் தள்ளிப்போய் இறங்கியது. மூன்றுக்கும் உயிர் இருந்தது. சேவலின் இறக்கையில் மட்டும் அடி. உயரத்துக் காற்றுதான் இதைச் செய்தது என்று பேச்சு கிளம்பியது. பிறகுதான் தெரிந்தது, பலூன் கிளம்புவதற்கு முன்பே ஆடு சேவலை உதைத்திருந்தது.

நான் என்ன கேட்கலாம் என்று யோசித்துக்கொண்டிருந்தபோது பேரன் முந்திக்கொண்டான். "ஆடு ஏன் உதைத்தது?"

எனக்குத் தெரியாது என்றேன். அடுத்த வீட்டுச் சிறுவன் எழுந்து நின்று, ஆட்டுக்குப் பயமாக இருந்திருக்கும், பயந்தால் பக்கத்தில் இருப்பவரைத்தான் உதைக்கத் தோன்றும் என்றான். அவன் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை. பேத்தி அதை ஒப்புக்கொள்ளவில்லை. பயம் சேவலுக்கும் இருந்ததே, அது யாரையும் உதைக்கவில்லையே என்றாள். வாத்து பார்த்திருக்கும், ஆனால் சொல்லியிருக்காது என்று வாத்தின் மீதும் ஒரு வழக்குப் போட்டாள். மூன்று பேரும் கூடைக்குள் உட்கார்ந்திருப்பது போல ஒரு போர்வைக்குள் நெருக்கியடித்து உட்கார்ந்துகொண்டு, யார் யாரை முதலில் இடித்தது என்று நடித்துப் பார்த்தார்கள்.

விளக்கை அணைத்துவிட்டு வெளியே வந்தேன். கதவைச் சாத்தும்போது இருட்டிலிருந்து பேரனின் குரல் வந்தது.

"பாட்டி, ஒருவேளை சேவல்தான் முதலில் கொத்தியிருக்குமோ?"