நல்லூர்த் தீர்த்தமும் சந்நிதிக் கொடியும், இடையில் இரண்டு சூரியன்களும்

ஆவணி அமாவாசை வந்தால் யாழ்ப்பாணத்து முருக அடியார்களுக்கு ஓய்வில்லை. நல்லூரில் 25 நாள் திருவிழா தீர்த்தத்தோடு நிறைவுற, அதை ஒட்டியே தொண்டைமானாறு செல்வச்சந்நிதியில் கொடி ஏறிவிடும். ஒரு முருகனிடம் விடைபெற்ற கையோடு மற்றவர் வாசலில் போய் நிற்கலாம். இம்முறை தங்கச்சியின் மகளும் என்னோடு வந்தாள். உயர்தரத்தில் கணிதப் பிரிவு. சாமி கும்பிடுவதைவிடக் கச்சான் கொறிப்பதில்தான் நாட்டம். கோயிலுக்கும் ஒரு கொப்பியோடுதான் வந்தாள்.

அந்தக் கொப்பிக்குள் ஓர் உலகம் இருக்கிறது. அங்கே வானத்தில் இரண்டு சூரியன். கதை எழுதப் போகிறாளாம். அதற்கு முன் அந்த ஊருக்கு ஒரு பஞ்சாங்கம் கணிக்க வேண்டுமாம்.

விடிய முதலே நல்லூர் வீதியில் அங்கப்பிரதட்டை செய்பவர்கள் உருண்டுகொண்டிருந்தார்கள். முதுகெல்லாம் வெண்மணல். விலைவாசி எங்கே போனாலும் அர்ச்சனைச் சீட்டு ஒரு ரூபாதான். நேரமும் அப்படியே, இந்தக் கோயில் மணியை வைத்து வீட்டுக் கடிகாரத்தைத் திருத்தலாம். சுவாமி கேணிக்கு எழுந்தருளியபோது எழுந்த அரோகரா ஒலியில் எனக்குக் கண் நிறைந்துவிட்டது. தெறித்த தீர்த்தம் அவளுடைய கொப்பியிலும் பட்டு, 229 என்று எழுதியிருந்த இடத்தில் மை ஊறிப்போனது.

பிறகு தண்ணீர்ப் பந்தலில் மோர் வாங்கிக்கொண்டு நிழலில் இருந்தோம்.

"பெரியம்மா, ஏன் சரியா 25 நாள்? 30 எண்டு வைச்சிருக்கலாமே?"

"நாளை எண்ணாத பிள்ளை, திதியை எண்ணு. ஆடி அமாவாசை கழிஞ்சு ஆறாம் திதி, சட்டியில கொடி. அங்கயிருந்து ஆவணி அமாவாசை மட்டும் எண்ணிப் பார்."

விரல் மடித்தாள். பூரணை மட்டும் 10, அதிலிருந்து அமாவாசைக்கு 15. முகம் மலர்ந்தது. சந்நிதிக்கும் கணக்குக் கேட்டாள். அங்கே வளர்பிறையோடு கொடி, பூரணையில் தீர்த்தம், 15 நாள் என்றேன். எங்கள் திருவிழாக்கள் சூரியனுக்கும் சந்திரனுக்கும் இடையிலுள்ள தூரத்தில்தான் நடக்கின்றன. அந்த இடைவெளி 12 பாகை கூடினால் ஒரு திதி.

"அப்ப என்ர உலகத்துக்கும் இதே கணக்குத்தான்" என்று கொப்பியை விரித்தாள். 229 அவள் கற்பனை இல்லை. 2011இல் அறிவிக்கப்பட்ட கெப்ளர்-16பி என்ற கோள் இரண்டு சூரியன்களையும் சேர்த்து ஒருமுறை சுற்றிவர ஏறக்குறைய 229 நாள் எடுக்கிறது. சூரியன்கள் இரண்டும் ஒன்றையொன்று சுற்ற 41 நாள். அது சனியைப் போன்ற பெருங்கோள், கால் வைக்க நிலமில்லை; அதனால் எண்களை மட்டும் கடன் வாங்கி, நிலத்தைத் தானே போட்டிருக்கிறாள்.

ஆனால் அங்கே நின்று பார்ப்பவருக்கு மாதம் 41 நாள் இல்லை. கோளும் நகர்கிறதே. அதனால் சின்னச் சூரியன் மறுபடி பெரியதற்கு நேர் முன்னே வர 50 நாளளவில் ஆகும். நட்சத்திரங்களை வைத்துப் பார்த்தால் நம் சந்திரன் ஒரு சுற்றுச் சுற்ற 27 நாள் சொச்சம் போதும், அமாவாசைக்கு அமாவாசை 29½ ஆவதும் இதனால்தான். ஆண்டுக்கு நான்கு மாதம் போக 29 நாள் மிஞ்சுகிறது என்று தலையைச் சொறிந்தாள். நமக்கும் பன்னிரண்டு சந்திர மாதம் 354 நாள்தான். 11 நாள் துண்டு விழும். நல்லூர்க் கொடி வருடா வருடம் முன்னுக்கு வந்து, பிறகு ஒரேயடியாகப் பின்னுக்குப் பாய்வது அதைச் சரிக்கட்டத்தான்.

"சின்னது என்ன நிறம்?"

"சிவப்பு. பெரியது செம்மஞ்சள். சின்னது முன்னால வந்தால் நெத்தியில பொட்டு வைச்ச மாதிரி."

இளையவன், சிவந்தவன், மூத்தவனைச் சுற்றுகிறவன்! இதற்குமேல் என்ன வேண்டும்? எனக்கு அது முருகன்தான். அவளோ சிரித்தாள். எனக்குக் கொஞ்சம் கோபம். மாதம், ஆண்டு, மிகுதி எல்லாம் இருக்கிற கொப்பியில் ஒரு திருவிழாகூட இல்லை. சனம் கூடாத பஞ்சாங்கம் யாருக்கு?

சந்நிதிக்குப் போகும் பஸ் கோப்பாய், நீர்வேலி தாண்டும்வரை சண்டை வாக்கியத்திலும் திருக்கணிதத்திலும் போனது. எங்கள் வீட்டில் இரண்டு பஞ்சாங்கமும் தொங்கும். நாள் பிசகினால் அப்பம்மா ஒன்று, அப்பா ஒன்று. வாக்கியக்காரர் சந்திரன் நிற்கும் இடத்தை 248 வாக்கியங்களில் எழுத்தையே எண்ணாக்கி மனப்பாடம் செய்தவர்கள் என்றதும் அவள் வாய் பிளந்தாள். பாட்டாகப் பாடம் செய்த வானம்! திருக்கணிதம் வானத்தைப் பார்த்துத் திருத்திய கணக்கு. எது சரி என்று என்னிடம் கேட்டால், விரதத்துக்கு வாக்கியம், கிரகணத்துக்குத் திருக்கணிதம்.

சந்நிதியில் மந்திரம் இல்லை. பூசகர் வெள்ளைத் துணியால் வாயைக் கட்டிக்கொண்டு மௌனமாகப் பூசை செய்வார். 65 ஆலிலையில் அமுது படைப்பார்கள். நல்லூரின் ஒழுங்குக்குப் பிறகு இந்த வெள்ளந்தியான சந்நிதி எனக்கு இன்னும் நெருக்கம். ஆற்றில் கால் நனைத்து, வேலைக் கும்பிட்டு, கொடியேற்றமும் கண்டு, மடத்தில் பந்திக்கு இருந்தோம். சோறு, பூசணிக்காய்க் கறி, பருப்பு.

"என்ர கதையில ரெண்டு ஊர், பெரியம்மா. ஒண்டு வாக்கியம், மற்றது திருக்கணிதம். பொட்டு நாள் திருவிழா ஒரு நாள் பிசகும். அதால சண்டை வரும்."

பக்கத்தில் சோறு குழைத்துக்கொண்டிருந்த பெரியவர் திரும்பினார். "ஏன் பிள்ளை சண்டை? ரெண்டு நாளும் அன்னதானம் குடுக்கலாமே."

அவளுடைய கையெல்லாம் சோறு. கொப்பியை முழங்கையால் என் பக்கம் தள்ளி, "மறக்க முதல் எழுதுங்கோ பெரியம்மா" என்றாள்.