கே. பி. சுந்தராம்பாளும் எங்கள் சங்கீத ரீச்சரும்

எங்கள் காலத்துப் பிள்ளைகளுக்குக் கே. பி. சுந்தராம்பாள் என்றால் அவ்வைப் பாட்டிதான். நெற்றி நிறையத் திருநீறு, நரைத்த தலை, கையில் கோல். ஆத்திசூடி படித்த வயதில் அவ்வையார் எப்படி இருந்திருப்பார் என்று யாராவது கேட்டால் அந்த முகத்தைத்தான் சொல்லியிருப்போம். அவரும் ஒரு காலத்தில் இளம்பெண்ணாக இருந்தார், ராஜபார்ட் என்ற கதாநாயக ஆண் வேடம் கட்டினார், எங்கள் கொழும்பு மேடையிலேயே பாடி ஆடினார் என்பதெல்லாம் எங்களுக்குத் தெரியாது. அதையெல்லாம் சொல்லித் தந்தவர் எங்கள் சங்கீத ரீச்சர்.

ரீச்சர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் சங்கீதம் படித்துவிட்டு ஊருக்கு வந்தவர். வகுப்பில் சினிமாப் பாட்டை முணுமுணுத்தாலே ஒரு பார்வை பார்ப்பார், அதோடு வாய் மூடிவிடும். ஆனால் சுந்தராம்பாளுக்கு மட்டும் அந்தத் தடை இல்லை. அவர் பாட்டை ரீச்சரே பாடிக் காட்டுவார். பரிசளிப்பு விழாவுக்கு ஒருமுறை நந்தனார் சரித்திரத்தை மேடையேற்றினோம். பெண்கள் பாடசாலை என்பதால் ஆண் வேடம் எல்லாம் நாங்களேதான். எனக்கு நந்தனின் பண்ணை எசமானான வேதியர் வேடம். ஒத்திகை நாட்களில் ரீச்சர் மேடைக்குப் பக்கத்தில் நிற்கவே மாட்டார். மண்டபத்தின் அடுத்த அந்தத்துக்குப் போய், கடைசி வாங்குக்குப் பின்னால் சுவரோடு சாய்ந்து நின்று கேட்பார். நந்தனாக நடித்த பிள்ளை நல்ல குரல்காரி, ஆனால் சொல்லை விழுங்கிவிடுவாள். "பிள்ளை, கடைசி வாங்கில இருக்கிற ஆச்சிக்கும் நந்தன்ர துக்கம் கேக்க வேணும். சுந்தராம்பாள் மைக் இல்லாத காலத்தில பாடினவ. ஒரு எழுத்து விடமாட்டா" என்று அங்கிருந்தபடியே சொல்வார். அவர் சொன்னதும் மண்டபம் முழுக்கக் கேட்கும்.

கொடுமுடி என்பது காவிரிக் கரையில், மகுடேசுவரர் கோயிலைச் சுற்றி அமைந்த சின்ன ஊர். சுந்தராம்பாள் அங்கே 1908-ல் பிறந்தார். பெயருக்கு முன்னால் வரும் 'கே' அந்த ஊர், 'பி' அவருடைய தாயார் பாலாம்பாள். வீட்டில் வறுமை. ஈரோட்டில் இருந்து திருச்சி போகும் ரயில் அந்த ஊர் வழியாகத்தான் போகிறது. அந்த ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமி அவர். அந்தக் குரல் பெரிய மனிதர் ஒருவரின் காதில் விழுந்து, வேலு நாயர் நாடகக் கம்பெனி வரை அவரைக் கொண்டுபோய்ச் சேர்த்தது. நல்லதங்காள் நாடகத்தில் பசியால் அழும் ஆண் குழந்தை வேடம் கொடுத்தார்கள். பசி தெரிந்த பிள்ளை பசியைப் பாடியது.

அந்தக் கால நாடகத்தை இன்றைய பிள்ளைகளுக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். சங்கரதாஸ் சுவாமிகள் எழுதி வைத்த நாடகங்கள்தான் பெரும்பாலும் எல்லாருக்கும் பொதுவான பாடம்: வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன், சத்தியவான் சாவித்திரி. இதிலே 'ஸ்பெஷல் நாடகம்' என்று ஒரு வகை. ராஜபார்ட்டுக்கு ஒருவர், ஸ்திரீபார்ட் என்ற பெண் வேடத்துக்கு ஒருவர், பபூன் என்ற கோமாளிக்கு ஒருவர் என்று தனித்தனியாகப் பேசி வரவழைப்பார்கள். கூடி ஒத்திகை பார்ப்பது என்ற பேச்சே இல்லை. இரவு மேடையில்தான் ஒருவரை ஒருவர் சந்திப்பார்கள். ஆர்மோனியக்காரர் சுருதி கொடுத்ததும் தொடங்கினால் விடியும் வரை போகும். வள்ளிக்கும் வேலனுக்கும் நடக்கும் தர்க்கத்தில், கதையின்படி வள்ளி தோற்க வேண்டும் என்றாலும் பாட்டில் தோற்க வேண்டும் என்று எந்தக் கட்டாயமும் இல்லை. ஒருவர் பாட்டில் புதிதாக ஒரு சங்கதி, அதாவது ஒரு வளைவு, போட்டால் மற்றவர் அதற்கு மேலே ஒன்று போட வேண்டும். சனம் அதைக் கேட்கத்தான் வந்திருக்கும். திரைக்கு உள்ளே நின்று முதல் அடியைப் பாடும்போதே யார் வருகிறார் என்று தெரிந்து கொட்டகை ஆரவாரிக்கும். தொண்டை ஒன்றை மட்டும் நம்பி, உச்ச சுருதியில், இரவு முழுக்க. சுந்தராம்பாளுக்கு இதுதான் பள்ளிக்கூடம், பல்கலைக்கழகம் எல்லாம்.

கொழும்புக்கு அவர் சிறுவயதிலேயே நாடகக் குழுவோடு வந்திருக்கிறார். பிறகு 1920-களின் நடுவில் மறுபடி வந்தபோதுதான் செங்கோட்டைக் கிட்டப்பாவும் இங்கே நாடகம் போட்டுக்கொண்டிருந்தார். எஸ். ஜி. கிட்டப்பாவுக்கு அப்போது இருபது வயதுதான் இருக்கும், ஆனால் அவர் பாட்டுக்குத் தமிழ்நாடே கிறங்கிப்போயிருந்த காலம். இருவரும் சேர்ந்து முதலில் மேடை ஏறியது கொழும்பில்தான், வள்ளி திருமணத்தில். தமிழ் மேடையின் மிகப் பெரிய ஜோடி நம்முடைய நாட்டில் சேர்ந்தது என்பதை ரீச்சர் ஒவ்வொரு முறையும் புதிதாகச் சொல்வது போலச் சொல்வார். சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு பெருமை இருக்கும். இப்போது எனக்கும் அந்தப் பெருமை வந்துவிட்டது.

அந்தக் காலத்தில் கொழும்பு ஜிந்துப்பிட்டிக்கும் யாழ்ப்பாணத்துக்கும் வந்துபோன இந்திய நாடகக் குழுக்கள் இங்கே விட்டுச்சென்ற விதைதான் நாங்கள் கண்ட இசை நாடகம். யாழ்ப்பாணத்து இசை நாடகக் கலைஞர் நடிகமணி வி. வி. வைரமுத்துவின் அரிச்சந்திர மயான காண்டத்தைக் கோயில் வீதியில், மணலில் பாய் விரித்து இருந்து பார்த்தவர்கள் எங்கள் சங்கத்தின் இந்த மலரைப் படிப்பவர்களில் நிச்சயம் இருப்பீர்கள். அந்த மெட்டு, அந்த ஆர்மோனியம், உச்சத்தில் நின்று சொல்லைத் தெளிவாக விடும் அந்தப் பாணி எல்லாம் சுந்தராம்பாளும் கிட்டப்பாவும் ஆடிய அதே மேடையின் வழி வந்தவை.

இருவரும் மணம் செய்துகொண்டார்கள். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே குடும்பம் இருந்தது, சாதியும் வேறு. சேர்ந்திருந்த நாட்கள் நிம்மதியாகவும் போகவில்லை. 1933 டிசம்பரில் கிட்டப்பா 27 வயதில் இறந்துபோனார். சுந்தராம்பாளுக்கு 25 வயது. அன்றிலிருந்து வெள்ளைச் சேலையும் திருநீறும்தான். இனி எந்த ஆண் நடிகரோடும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார், கடைசி வரை அதை மாற்றவில்லை.

இந்த இடத்தில் எல்லாரும் அவருடைய பக்தியையும் தியாகத்தையும் புகழ்ந்துவிட்டு அப்படியே நிறுத்திக்கொள்கிறார்கள். எனக்கு அது போதாது என்று படுகிறது. அவர் வீட்டு மூலையில் போய் உட்கார்ந்துவிடவில்லையே. கதாநாயகனோடு ஜோடி சேராத ஒரு நடிகைக்கு அந்த நாளில் என்ன வேடம் இருந்தது? அப்படி ஒரு வேடமே இல்லாத இடத்தில் இருந்து இன்னும் நாற்பது வருடம் நடித்துப் பாடினார். அதைத்தான் நாங்கள் வியக்க வேண்டும்.

முதலில் கிடைத்தது ஆண் வேடம். 1935-ல் வந்த நந்தனார் படத்தில் அவரே நந்தன். வேதியராக வந்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாதய்யர். அந்தப் படத்துக்குச் சுந்தராம்பாள் பெற்ற சம்பளம் 1 இலட்சம் ரூபாய். பவுண் சில பத்து ரூபாய்க்கு விற்ற காலத்தில் 1 இலட்சம்! ரயிலில் காசுக்குப் பாடிய பெண் அந்தத் தொகையைக் கேட்டு வாங்கினார். நான் வேதியர் வேடம் போட்டபோது ரீச்சர் இந்தச் சம்பளக் கதையைச் சொல்லி, "கலைக்கு விலை சொல்லத் தெரிஞ்ச பொம்பிளை" என்றார். ரீச்சர் வாயில் அது பெரிய பாராட்டு.

1940-ல் மணிமேகலை படம். இடையில் காங்கிரஸ். காங்கிரஸ் தலைவர் சத்தியமூர்த்தி அவரை அரசியல் மேடைக்கு அழைத்து வந்தார். கதர் உடுத்து, ஊர் ஊராகப் போய், பேச வேண்டிய இடத்தில் பாடினார். கொடுமுடி வீட்டுக்குக் காந்தி வந்தபோது பொன் தட்டில் உணவு பரிமாறியதாகவும், உணவு மட்டும்தானா தட்டு இல்லையா என்று காந்தி கேட்டு வாங்கி ஏலம் விட்டதாகவும் சொல்வார்கள். 1951-ல் சென்னை மேலவை உறுப்பினரானார். சினிமாவில் இருந்து சட்டமன்றத்துக்குப் போனவர்கள் தமிழ்நாட்டில் எத்தனையோ பேர். அந்தப் பாதையில் முதலில் நடந்தவர் இந்த அம்மா.

அப்புறம் 1953-ல் ஜெமினி ஸ்டூடியோ வாசன் எடுத்த அவ்வையார் படம். அவ்வைக்கு ஒரு கதை உண்டு, எல்லாருக்கும் தெரிந்ததுதான். கலியாணம் பேசி வந்தபோது, இந்த இளமை எனக்கு வேண்டாம் என்று பிள்ளையாரிடம் அழுது கேட்டு முதுமையை வாங்கிக்கொண்டவள் அவள். 25 வயதில் வெள்ளை உடுத்த ஒரு பெண் 45 வயதில் அந்த அவ்வையாக வந்து நிற்கிறார். அந்த வேடத்துக்கு அவர் நடிப்பென்று தனியாக எதுவும் செய்ய வேண்டிய தேவையே இருக்கவில்லை என்று நான் நினைக்கிறேன். படத்தில் பிள்ளையாரை வேண்டி அவர் பாட, யானைக் கூட்டம் வந்து கோட்டையை உடைக்கும். சின்ன வயதில் யானைகளைப் பார்த்துத்தான் வாயைப் பிளந்துகொண்டிருந்தேன். வளர்ந்தபின் பார்த்தபோது, அந்தப் பாட்டை நம்பி யானை வரும் என்று எனக்கே தோன்றியது.

அவர் எடுத்த வேடங்களை வரிசையாகப் பாருங்கள். நந்தன், மணிமேகலை, அவ்வை, 1964-ல் பூம்புகாரில் கவுந்தியடிகள், 1973-ல் காரைக்கால் அம்மையார். எல்லாரும் துறவிகள், அடியார்கள். நாற்பது தாண்டிய நடிகைக்குத் தமிழ் சினிமா தாய் வேடம் கொடுக்கும், இல்லையென்றால் மாமியார் வேடம். சுந்தராம்பாள் அந்தப் பக்கம் பெரிதாகப் போகவே இல்லை. புருசன் துணை இல்லாமல் தனியாக நடந்து, அரசனையும் ஆண்டவனையும் நேரே பார்த்துப் பேசிய பெண்கள் தமிழ் இலக்கியத்தில் இருந்தார்கள். ஒவ்வொருத்தியாக எடுத்து உயிர் கொடுத்தார். வயது ஏற ஏற வேடமும் அவருக்கு இன்னும் பொருந்தி வந்தது. காரைக்கால் அம்மையாரில் அழகிய புனிதவதியாக லட்சுமி நடித்தார். அழகை உதறிய பிறகு வரும் அம்மையார் சுந்தராம்பாள். அப்போது அவருக்கு 65 வயது நெருங்குகிறது. அந்தக் குரலில் முதுமை இருந்தது, ஆனால் தளர்ச்சியைக் காணவே முடியாது.

1965-ல் வந்த திருவிளையாடல்தான் எங்கள் ஊர்க் கோயில்களுக்கு அவரைக் கொண்டுவந்து சேர்த்தது. ஏ. பி. நாகராஜன் இயக்கிய படம், கே. வி. மகாதேவன் இசை. நாகராஜனும் சிறுவயதில் நாடகக் கம்பெனியில் பெண் வேடம் போட்டு வளர்ந்தவர். அந்த மேடைக் குரலின் அருமை தெரிந்து அதற்கு இடம் விட்டுப் படம் எடுத்தார். பழத்துக்குக் கோபித்துக்கொண்டு போன முருகனை அவ்வை சமாதானப்படுத்தும் பாட்டைக் கேட்காமல் எங்கள் ஊரில் ஒரு திருவிழா விடிந்ததில்லை. தென்னைமரத்தில் கட்டிய ஒலிபெருக்கியில் இருட்டோடு இசைத்தட்டு ஓடத் தொடங்கும். தாளம் இல்லாத விருத்தம் முதலில். அதில் அவர் அவசரப்படவே மாட்டார். சொல்லைச் சொல்லாக வைத்து, எங்கே மூச்சு எடுக்கிறார் என்று தெரியாமல் எடுத்து, மேல் ஸ்தாயிக்குப் போய் அங்கேயே நின்று, பிறகு பாட்டுக்குள் இறங்குவார். கரகரத்த அந்தக் கறள் பிடித்த ஒலிபெருக்கி வேறு பாட்டுகளைச் சிதைத்துவிடும். இவருடைய பாட்டில் ஒரு 'ழ'வைக்கூட அதனால் தொட முடியவில்லை. கிணற்றடியில் முகம் கழுவிக்கொண்டு நின்ற எனக்கு ஒவ்வொரு எழுத்தும் கேட்கும். ரீச்சர் கடைசி வாங்குக்குப் பின்னால் போய் நின்றதன் காரணம் எனக்கு அந்தக் கிணற்றடியில்தான் முழுதாக விளங்கியது.

சினிமாவில் மைக் வந்த பிறகு எத்தனையோ பேர் குரலைச் சுருக்கி, மெல்லப் பாடப் பழகிக்கொண்டார்கள். அதுவும் ஓர் அழகுதான், மறுக்கவில்லை. சுந்தராம்பாள் மாறவில்லை. மைக்குக்கு முன்னாலும் கொட்டகையின் கடைசி வரிசைக்கே பாடினார். 1969-ல் துணைவன் படப் பாட்டுக்காகச் சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவருக்கு வந்தது. வயது 61. அடுத்த வருடம் பத்மஸ்ரீ. 1973-ல் திருமலை தெய்வம் படத்திலும் பாடினார். நடித்த படங்களை எண்ணினால் ஒரு டசின் அளவில்தான் வரும். முதல் படத்துக்கும் கடைசிப் படங்களுக்கும் இடையில் நாற்பது வருடம். கொடுமுடியில் தன் பெயரில் ஒரு தியேட்டரும் கட்டினார். 1980-ல் சென்னையில் காலமானார். அன்று இலங்கை வானொலியில் அவர் பாடல்கள் போனதாக வீட்டில் சொன்னார்கள்.

எங்கள் நந்தனார் நன்றாகவே நடந்தது. நந்தனாக நடித்தவள் இப்போது கனடாவில் இருக்கிறாள், பேத்திக்குச் சங்கீதம் சொல்லிக்கொடுக்கிறாள். ரீச்சர் நாங்கள் வெளிநாடு வந்த பின் ஊரிலேயே காலமானார். அவரிடம் படித்தவர்கள் லண்டனில் மட்டும் நிறையப் பேர் இருக்கிறோம்.

சங்கத்தாரிடம் ஒரு வேண்டுகோள். வருகிற ஆண்டு கலைவிழாவில் பிள்ளைகளைக் கொண்டு வள்ளி திருமணத்தில் ஒரு தர்க்கக் காட்சியையாவது, ஒலிவாங்கி இல்லாமல், மேடையேற்றுவோம். பாடிக்கொடுக்க நாங்கள் சிலர் தயார். இன்னொன்று: உங்கள் தாத்தாவோ அம்மம்மாவோ கொழும்பில் அந்தக் கால நாடகம் பார்த்த கதையைச் சொல்லியிருந்தால் எழுதி அனுப்புங்கள், அடுத்த மலரில் போடலாம். வீட்டில் பழைய கிராமபோன் இசைத்தட்டுகள் வைத்திருப்பவர்கள் தயவுசெய்து எறிந்துவிட வேண்டாம். சங்கத்துக்கு ஒரு சொல் அறிவித்தால் வந்து பதிவு செய்துகொண்டு தட்டைத் திருப்பித் தருவோம்.